முன்வாசலில் நுழைந்து பின்வாசலில் வெளியே

நடந்தவை, நடந்த வரிசையில்:

1. எங்கள் ஊரில் எத்தனை வீடுகள் இருக்கின்றன என்று எண்ணும் வேலை எனக்குக் கிடைத்தது.
2. எண்ணினேன். ஊரில் இருப்பதைவிட அதிகமான வீடுகள் வந்தன.
3. அதிகமாக வந்தவற்றில் எங்கள் வீடும் ஒன்று. அந்தக் கணக்கின்படி ஊரில் நான் இரண்டு பேர்.
4. தப்பான எண்ணை நம்பி, ஒரு தண்ணீர்த் தொட்டிக்குத் தப்பான இடம் பார்க்கப்பட்டது.
5. திரும்ப எண்ண நான்கு நாள் இருந்தது. மேலத் தெருவின் கிழக்கு வரிசையில் ஒரு வீடு விடாமல் முன்வாசலில் நுழைந்து பின்வாசலில் வெளியே வர முயன்றேன். சில இடங்களில் சுவர் வந்தது.
6. ஒரு பீரோ நகர்த்தப்பட்டது. மறுபடியும் நகர்த்தப்பட்டது.
7. அம்மா ஒன்றரை நாள் என்னோடு பேசவில்லை.

ஊரின் பெயரை விட்டுவிடுகிறேன். ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து மேற்கு மலையை ஒட்டி வடக்கே வந்தால் சுந்தரபாண்டியம், கூமாப்பட்டி என்று வரிசையாக வரும் ஊர்களின் சாயலில் இன்னொன்று என்று வைத்துக்கொள்ளுங்கள். கிராமம் என்று சொன்னால் எங்கள் ஆட்களுக்குக் கோபம் வரும், பேரூராட்சி என்று திருத்துவார்கள். நகரம் என்று சொன்னால் அவர்களே சிரித்துவிடுவார்கள்.

ஊரின் அமைப்பு எளிது. தரை மேற்கிலிருந்து கிழக்கே சரிந்திருக்கிறது. மலையை ஒட்டிய பக்கம் மேலத் தெரு, அதற்கு இணையாக நடுத் தெரு, அதற்கும் கீழே கீழத் தெரு. யார் பெயர் வைத்தார்களோ, அதிகம் யோசிக்கவில்லை. தெற்கே கண்மாய். அதன் கரை வில்லைப் போல வளைந்து கிழக்கே போகிறது. ஊருக்குள் வீடு போதாமல் போனபோது பட்டா கொடுத்து, அந்தக் கரை தண்ணீரைத் தாண்டிப் போன இடத்தில், அதன் மறுபக்க அடிவாரத்தில் நிறையக் குடும்பங்களைக் குடியேற்றினார்கள். அந்தப் பகுதிக்குக் கரையடி என்று பெயர். கரையடிக்காரர்கள் ஊருக்குள் வர வேண்டுமென்றால் கரைமேல் ஏறி இறங்கித்தான் வர வேண்டும். ஊர்க்காரர்கள் கரையடிக்குப் போக வேண்டிய அவசியம் பெரும்பாலும் வருவதில்லை. அதனால் கரையடி ரொம்ப தூரம் என்று ஊரில் எல்லோரும் நம்புகிறார்கள். நான் அளந்து பார்த்தேன், எங்கள் வீட்டிலிருந்து பஸ் நிறுத்தமும் கரையடியும் ஒரே தூரம்.

நான் சிவில் படித்தவள். நான்கு வருடம் கிருஷ்ணன்கோவிலுக்குக் கல்லூரிப் பேருந்தில் போய் வந்தேன். படிப்பு முடிந்து வரைபட வேலை செய்யும் ஒரு சிறிய நிறுவனத்தில் சேர்ந்தேன். அவர்களுக்கு எங்கள் ஊர் வேலை கிடைத்தது, உள்ளூர்க்காரி என்று என்னையே அனுப்பினார்கள். கூட வந்தவன் என் வகுப்புத் தோழன். ராஜபாளையத்துக்காரன், வீட்டில் தெலுங்கு பேசுபவன். எதை எண்ணினாலும் வாய்க்குள் ஒகட்டி, ரெண்டு, மூடு என்றுதான் எண்ணுவான். எழுதும்போது மட்டும் தமிழுக்கு வருவான்.

கைப்பேசியில் நிரப்பும் படிவத்தை நான்தான் தயாரித்தேன். முதல் கேள்வி: கதவு எண். ஒரு கதவு எண்ணுக்கு ஒரு வீடு. அடுத்து குடும்பத்தில் எத்தனை பேர், வயது, தொழில், குழாய் இருக்கிறதா, தண்ணீர் எப்போது வருகிறது. சுத்தமான படிவம். இதில் என்ன தப்பு வர முடியும் என்று நினைத்தது நினைவிருக்கிறது.

மேலத் தெருவும் கரையடியும் எனக்கு. நடுத் தெருவும் கீழத் தெருவும் அவனுக்கு.

கரையடியில் எண்ணப் போன அன்றுதான் மில் அக்காவைப் பார்த்தேன். ராஜபாளையம் பக்கம் ஒரு நூற்பாலையில் வேலை பார்ப்பவர், முப்பது வயதிருக்கும். வாரவிடுமுறை நாள். வாசலில் உட்கார்ந்து கால்விரல்களுக்குத் தைலம் தேய்த்துக்கொண்டிருந்தார். தண்ணீர் எப்போது வரும் என்று கேட்டேன்.

"காலைல அஞ்சு மணிக்கு. ஊர்முனைக் குழாய்ல."

"கரை ஏறிப் போய்த்தான் எடுக்கணுமா?"

"பறந்தும் போகலாம், எனக்குத் தெரியாது. தண்ணி அஞ்சுக்கு வருது. மில் வேனும் அஞ்சுக்குத்தான் பஸ் நிறுத்தத்துக்கு வருது. ரெண்டும் பேசி வச்சிக்கிட்டு வருது. குடம் வரிசையில நிக்கும், நான் வேன்ல நிப்பேன். சாயங்காலம் வந்து பாத்தா குடம் நின்ன எடத்துலயே நிக்கும், காலியா."

"வேனை விட்டுட்டா?"

"இந்த மாசம் ரெண்டு தடவ விட்டாச்சு. இன்னொரு தடவ விட்டா வீட்டுலயே இருந்துக்கோன்னு சூப்பர்வைசர் சொல்லிட்டாரு. அப்ப தண்ணி புடிக்க எம்புட்டு நேரமும் இருக்கும்." அவரே சிரித்தார். பிறகு என் கைப்பேசியைக் காட்டிக் கேட்டார்: "இதுல எழுதுனா கரையடிக்குத் தொட்டி வந்துருமா?"

வரலாம் என்றேன். உண்மையும் அதுதான். ஊருக்கு இன்னொரு மேல்நிலைத் தொட்டி கட்டப் போகிறார்கள். இடம் இரண்டில் ஒன்று: நடுத் தெருவின் காலி மனை, அல்லது கரையடி மைதானம். எந்தப் பக்கம் வீடுகள் அதிகமோ அந்தப் பக்கம். பேரூராட்சி அலுவலகத்தில் அதிகாரி ஒருவர் எங்களிடம் தெளிவாகச் சொல்லியிருந்தார்: "எனக்கு மேப்பெல்லாம் அழகா இருக்கணும்னு இல்லம்மா. எந்தப் பக்கம் அதிகம்? ஒரு வார்த்தை போதும்."

எண்ணி முடித்தோம். அவன் பக்க எண்ணையும் என் பக்க எண்ணையும் கூட்டி அந்த ஒரு வார்த்தையை அவரிடம் சொன்னேன். தெருப் பக்கம், பெரிய வித்தியாசத்தில். (எண்களை இங்கே எழுதவில்லை. அவை கோப்பில் இருக்கின்றன, அங்கேயே இருக்கட்டும்.) மறுநாளே நடுத் தெருக் காலி மனையில் யாரோ முள்செடிகளை வெட்டிச் சுத்தம் செய்துவிட்டார்கள். எங்கள் அம்மாவுக்கு ரொம்ப சந்தோஷம். எங்கள் மாடிக்குத் தண்ணீர் ஏறுவதில்லை. வாஷிங் மெஷினை மாடியில் வைத்திருக்கிறோம். அதனால் அது பெரும்பாலும் துணி மடித்து வைக்கப் பயன்படுகிறது.

ஒரு மதியம் வரைபடத்தில் வயதுவாரியாக நிறம் கொடுத்துக்கொண்டிருந்தேன். என் வயதுப் பெண்கள் ஊரில் எத்தனை பேர் என்று சும்மா தேடினேன். என்னைக் கண்டுபிடித்தேன். பிறகு, எங்கள் கொல்லை இருக்கும் இடத்தில், ஒரு வயது குறைவாக, இன்னொரு முறை என்னைக் கண்டுபிடித்தேன். முதல் பதிவில் தொழில்: நில வரைபடப் பணி. இரண்டாவது பதிவில் தொழில்: சும்மா இருக்கிறார்.

முதல் பதிவு மேலத் தெருவில் நானே எழுதியது. இரண்டாவது, நடுத் தெருவில் அவன் எழுதியது.

எங்கள் வீடு நீளமான வீடு. மேலத் தெருவின் கிழக்கு வரிசை முழுக்க அப்படித்தான். தலைவாசல் மேலத் தெருவில். நடை, கூடம், முற்றம், அடுக்களை, கொல்லை என்று போய்ப் பின்வாசல் நடுத் தெருவில் திறக்கும். தலைவாசலை விருந்தாளி வந்தால், கல்யாணம் காட்சி என்றால் திறப்போம். பால்காரர், கேஸ் சிலிண்டர், நாங்கள் எல்லோரும் பின்வாசல். ஒரு வாசலுக்கு வீட்டுவரி போட்டபோது எண் வந்தது. இன்னொன்றுக்கு மின் இணைப்பு வாங்கியபோது எண் வந்தது. இது எனக்குப் பிறந்ததிலிருந்து தெரியும். படிவம் தயாரித்தபோதும் தெரியும். படிவத்தில் மட்டும் தெரியவில்லை.

அம்மாவிடம் போனேன்.

"பின்வாசல்ல ஒருத்தன் கணக்கெடுக்க வந்தானா?"

"வந்தான். நல்ல பையன். செருப்ப வெளிய கழட்டிட்டு நின்னான்."

"நான்தான் முன்வாசல்ல எழுதிட்டேனே. சொல்ல வேண்டியதுதான?"

"அவன் பின்வாசலத்தான கேட்டான்? கேட்டா பதில் சொல்லணும்ல."

"சும்மா இருக்கான்னு சொல்லியிருக்க."

"தெருத் தெருவா போயி வீட்ட எண்ணிட்டு வார. அது வேலைன்னு எனக்கு எப்படித் தெரியும்?"

"வயசு?"

"பையன் கேட்டானேன்னு ஒன்னு கொறச்சேன்."

அந்த வரிசையில் அத்தனை வீட்டிலும் இதே மரியாதைதான் நடந்திருந்தது. முன்வாசலில் நான் கேட்டபோது ஒருவர் சொன்னார், பின்வாசலில் அவன் கேட்டபோது இன்னொருவர் சொன்னார். ஒருவர்கூட 'ஏற்கெனவே சொல்லியாச்சு' என்று சொல்லவில்லை. கேட்டவனை வெறும் கையோடு அனுப்பக் கூடாது என்பது எங்கள் தெருவின் பழக்கம். கரையடி வீடுகளுக்கு முதுகுப்பக்கம் கண்மாய்க்கரை. பின்வாசல் வைக்க வழியே இல்லை. அவர்கள் ஒரே ஒரு தடவைதான் எண்ணப்பட்டார்கள்.

இரட்டைப் பதிவுகளில் ஒன்றை அழித்தால் போதும் என்று தோழன் சொன்னான். போதாது. பாகம் பிரித்தபோது சில வீடுகளை நடுவில் சுவர் வைத்து இரண்டாக்கியிருக்கிறார்கள். முன்பாதி அண்ணனுக்கு, பின்பாதி தம்பிக்கு. அவை உண்மையாகவே இரண்டு வீடுகள். எது ஒன்று, எது இரண்டு என்று வெளியே நின்று சொல்ல முடியாது. அதிகாரியிடம் போய்த் தப்பை ஒப்புக்கொண்டேன். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "வெள்ளிக்கிழமை கூட்டம். அதுக்குள்ள ஒரு வார்த்தை" என்றார்.

அப்படித்தான் புதிய முறை பிறந்தது. முன்வாசலில் நான் நுழைவேன், பின்வாசலில் அவன் நிற்பான். நான் வெளியே வந்தால் ஒரு வீடு. சுவரில் முட்டினால் இரண்டு. கல்லூரியில் சொல்லிக்கொடுத்த எந்தக் கருவியும் இதைவிடத் துல்லியம் இல்லை.

முதல் நாள் நன்றாகப் போனது. ஒரு வீட்டில் மோர், ஒரு வீட்டில் முறுக்கு, ஒரு வீட்டில் முற்றத்தில் குளித்துக்கொண்டிருந்த மாமா, "செத்த நேரம் அங்கனயே நில்லு தாயி, நான் இன்னும் ஒரு சொம்புல முடிச்சிருதேன்" என்று உள்ளிருந்து குரல் கொடுத்தார். சுவரைப் பார்த்தபடி நின்றேன். ஐந்து சொம்பு ஊற்றிக்கொண்டார். பின்வாசலில் நின்றவன் நான் சுவரில் முட்டிவிட்டதாக நினைத்து இரண்டு என்று எழுதிவிட்டான். அதை அடித்துத் திருத்த வேண்டியதாயிற்று.

அடுத்தது, பேசிக்கொள்ளாத அண்ணன் தம்பி வீடு. நடுவில் சுவர் இருந்தது. சுவரில் சதுரமாக ஒரு ஓட்டையும் இருந்தது. நான் நின்றிருந்தபோதே அந்த ஓட்டை வழியாக ஒரு கிண்ணம் ரசம் இந்தப் பக்கம் வந்தது, ஒரு கொத்துக் கறிவேப்பிலை அந்தப் பக்கம் போனது.

"மதினி, சண்டைன்னு சொன்னாங்களே?"

"சண்ட அவியளுக்குள்ள. ரசத்துக்கு என்னட்டி சண்ட?"

ஓட்டை வழியாகத் தோழனின் முகம் தெரிந்தது. "ஒன்னா, ரெண்டா?" என்றான்.

"ரசம் போகுது. நான் போக முடியாது. ரெண்டு."

மதினி என்னை மேலும் கீழும் பார்த்தார். "இன்னும் கொஞ்சம் எளைச்சா போயிருவ" என்றார்.

இரண்டாம் நாள் செய்தி பரவிவிட்டது. திரும்ப எண்ணினால் தெருவின் எண் குறையும், தொட்டி கரையடிக்குப் போகும். எண்ணுவது எங்கள் தெருப் பெண்ணே. அன்று காலை எனக்கு யாரும் மோர் தரவில்லை. அம்மா முந்தின நாள் இரவுச் சாப்பாட்டோடு பேச்சை நிறுத்தியிருந்தார். நிறுத்துமுன் சொன்னது இவ்வளவுதான்: "வந்த தொட்டிய நீயே தள்ளி விடுத. மாடில ஒரு மெஷினு கெடக்கே, அதப் பாத்தாவது தோணலியா?"

எங்கள் வீட்டுக்கு அடுத்த வீடு பெரியப்பாவுடையது. நான் நுழைந்தபோது கூடத்துக்கும் அடுக்களைக்கும் நடுவே இருந்த நடையில் ஒரு இரும்பு பீரோ நின்றது. கண்ணாடிக் கதவு என்னைப் பார்த்து. அதில் நான் தெரிந்தேன். அந்த வாரத்தில் இரண்டாவது முறையாக நான் இரண்டு பேர்.

"இதுக்கு அங்கிட்டு யாரு பெரியப்பா?"

"உங்க அண்ணன் குடும்பம். தனியா போயாச்சு."

"அண்ணன் திருப்பூர்லல்ல இருக்காங்க?"

"திருப்பூர்ல இருந்தா பாகம் இல்லன்னு ஆயிருமா? இது சுவரு மாதிரிதான்னு வச்சுக்கோ."

தரையில் பீரோ வந்த தடம் இரண்டு வெள்ளைக் கோடாகத் தெரிந்தது. அதை நான் குறிப்பிடவில்லை. அப்போது பீரோவின் முதுகில் யாரோ தட்டினார்கள்.

"ஏங்க," பெரியம்மாவின் குரல். "எண்ணி முடிச்சாச்சா? காப்பி ஆறுது. நான் எங்கிட்டு வர?"

பெரியம்மா கொஞ்சம் பொறுத்துப் பார்த்தார். பிறகு பின்வாசல் திறக்கும் சத்தம் கேட்டது. நடுத் தெருவில் இறங்கி, முடுக்கைச் சுற்றி, மேலத் தெரு வழியாக நடந்து, தலைவாசலில் இரண்டு டம்ளர் காப்பியோடு வந்து நின்றார். பின்னாலேயே என் தோழன், கையில் மூன்றாவது டம்ளர்.

"என் சீலையெல்லாம் அதுக்குள்ள இருக்கு," என்றார் என்னிடம். "கதவு உங்க பெரியப்பா பக்கம் இருக்கு. நேத்துலருந்து இதத்தான் கட்டிக்கிட்டிருக்கேன். எண்ணுறத வெரசா எண்ணு."

ஒரு வீடு என்று எழுதினேன். பெரியப்பா எட்டிப் பார்த்து, "எழுதிட்டியா?" என்றார். "எழுதிட்டேன்" என்றேன். "அப்ப ஒரு கை பிடிங்க" என்றார். மூன்று பேருமாக பீரோவைப் பழைய இடத்துக்கு நகர்த்தினோம்.

மூன்றாம் நாள் விடிகாலை அம்மா செருப்பு மாட்டிக்கொண்டு நின்றார். ஒன்றரை நாளுக்குப் பிறகு வந்த முதல் வார்த்தை: "நட."

"எங்க?"

"கரையடிக்கு. எங்கள மட்டும் வீட்டுக்குள்ள பூந்து எண்ணுத. அங்கன எப்படி எண்ணுனன்னு நான் பாக்கணும்."

ஊர்முனைக் குழாயைத் தாண்டும்போது தண்ணீர் வந்துகொண்டிருந்தது. குடங்கள் வரிசையில் நின்றன. கரைமேலிருந்து மில் அக்கா இறங்கி ஓடி வந்தார், இடுப்பில் குடம், தோளில் சாப்பாட்டுப் பை. குடத்தை வரிசைக் கடைசியில் வைத்தார். முன்னால் நின்ற குடங்களை ஒரு தடவை பார்த்தார். பஸ் நிறுத்தத்தில் வேன் ஹாரன் அடித்தது. எங்களைப் பார்த்து, "எண்ணுற புள்ளையா? குடத்தையும் சேத்து எண்ணிக்கோ" என்று சொல்லிவிட்டு ஓடினார். வேன் அவருக்காக நிற்கவில்லை, ஆனால் மெதுவாகப் போனது. ஏறிவிட்டார்.

அம்மா கரை ஏறி இறங்கி, கரையடியில் ஒவ்வொரு வீட்டின் பின்னாலும் போய்ப் பார்த்தார். எங்கேயும் பின்வாசல் இல்லை. மண் கரைதான் இருந்தது. ஒரு இடத்தில் நம்பிக்கையில்லாமல் கரையைக் கையால் தட்டியும் பார்த்தார். வீடுகளைத் தானே விரல் விட்டு எண்ணி, என் படிவத்தோடு ஒப்பிட்டார். நான் ஒரு வீட்டை விட்டிருந்தேன், வாசலை மறைத்து வைக்கோல் படப்பு இருந்ததால். அம்மா அதை எழுதச் சொன்னார். திரும்பும்போது அந்தக் குடத்தைத் தானே நிரப்பிக் குழாயடியில் ஓரமாக வைத்துவிட்டு வந்தார்.

அன்று மாலை பின்வாசலில் நின்றுகொண்டு நடுத் தெரு முழுக்கக் கேட்கும்படி சொன்னார்: "நானே போயி எண்ணிட்டு வந்துட்டேன். அம்புட்டும் சரியாத்தான் இருக்கு. யாருக்காவது சந்தேகம்னா என்கிட்ட வாங்க, அவகிட்டப் போகாதீங்க." யாரும் வரவில்லை. எனக்கு மறுபடி மோர் வர ஆரம்பித்தது.

வெள்ளிக்கிழமை அதிகாரி கேட்டார்: "எந்தப் பக்கம் அதிகம்?"

"கரையடிப் பக்கம் சார். கொஞ்சம்தான்."

"முதல்ல தெருன்னு சொன்னீங்களே."

"அந்தக் கணக்குல நான் ரெண்டு பேர் சார்."

அவர் கொஞ்ச நேரம் என்னைப் பார்த்தார், ஒருவேளை இன்னொருத்தி எங்கே என்று. பிறகு கோப்பில் எழுதினார்.

இப்போதைய நிலை: தொட்டிக்குக் கரையடி மைதானத்தில் நான்கு மூலையிலும் கல் நட்டு, அடித்தளத்துக்குக் குழி தோண்டியிருக்கிறார்கள். மழை பெய்து குழியில் தண்ணீர் நிற்கிறது. வற்றிய பிறகு வேலை தொடரும். அதுவரைக்கும் ஒரு கறுப்பு பிளாஸ்டிக் தொட்டி வைத்திருக்கிறார்கள். சாயங்காலம் டிராக்டர் வந்து அதை நிரப்புகிறது. எங்கள் மாடிக்குத் தண்ணீர் ஏறவில்லை. மெஷினைக் கீழே இறக்கிவிட்டோம். கோப்பில் என் வயது சரியாக இருக்கிறது, தொழிலும். வேன் இப்போதும் ஐந்து மணிக்கு வருகிறது. மில் அக்கா முந்தின மாலையே தண்ணீர் பிடித்து வைத்துவிட்டு அதில் போகிறார்.